ரத்து செய்த பிறகும் தொடரும் சந்தாப் பிடித்தங்கள்: ஒரு நீண்டகாலப் பயனரின் அனுபவம்

ஆன்லைன் கடைகள் சொல்லாமல் கொள்ளாமல் பிடித்துக்கொள்ளும் சந்தாத் தொகைகளை என் கார்டிலும் வீட்டாரின் கார்டுகளிலும் சில ஆண்டுகளாகவே கையாண்டு வருகிறேன். கடையின் ரத்துப் பக்கம், வாடிக்கையாளர் சேவை, வங்கியில் ஆட்சேபம் பதிவது, கார்டையே மாற்றுவது, கையில் அட்டையில்லாமல் எண்ணாக மட்டும் உருவாக்கிக்கொள்ளும் மெய்நிகர் கார்டு என்று இதற்கு இருக்கும் வழிகளை ஒவ்வொன்றாகப் பயன்படுத்திப் பார்த்த பிறகு, எது எவ்வளவு தூரம் கைகொடுக்கும் என்று ஓரளவு உறுதியாகச் சொல்ல முடிகிறது. கடையோடு நமக்கு இருக்கும் உறுப்பினர் ஒப்பந்தம் ஒன்று. நம் கணக்கிலிருந்து மாதாமாதம் பணம் எடுத்துக்கொள்ள நாம் கொடுத்திருக்கும் அனுமதி இன்னொன்று. முதலாவதை மட்டும் முறித்தால் பணம் போய்க்கொண்டே இருக்கலாம். இரண்டாவதை மட்டும் முறித்தால் பாக்கி வைத்திருப்பதாகக் கடை நினைவூட்டல் அனுப்பிக்கொண்டே இருக்கலாம். நான் பார்த்த சிக்கல்களில் பெரும்பாலானவை, இரண்டில் ஒன்று மட்டும் முறிந்து மற்றொன்று உயிரோடு இருந்ததால் நீண்டவை.

காலணி விற்கும் ஓர் ஆன்லைன் கடையின் முறையைச் சற்று விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் இதுவரை நான் பார்த்தவற்றுள் மிகச் சாமர்த்தியமானது அதுதான். பொருளின் படத்துக்குக் கீழே இரண்டு விலைகள் இருக்கும். வழக்கமான விலை அடித்துக் காட்டப்பட்டிருக்கும். உறுப்பினர் விலை தடித்த எழுத்தில் பளிச்சென்று இருக்கும். கூடையில் போட்டால் உறுப்பினர் விலைதான் தானாகச் சேரும். பணம் செலுத்தும் பொத்தான் திரையின் அகலத்துக்கு இருக்க, அதற்கும் கீழே, வெள்ளைப் பின்னணியில் வெளிர் சாம்பல் நிறத்தில், இந்தப் பொத்தானை அழுத்துவதன் மூலம் மாத உறுப்பினராகச் சேர்கிறீர்கள் என்ற வரி பொடி எழுத்தில் ஓடும். கைபேசித் திரையில் அந்த வரி, விரலால் மேலே தள்ளினாலொழியக் கண்ணில் படாது.

அதன் பிறகு ஒவ்வொரு மாதமும் 1 முதல் 5ஆம் தேதிக்குள் கணக்கில் நுழைந்து, இந்த மாதம் வேண்டாம் என்று அழுத்த வேண்டும். அழுத்தாவிட்டால் 6ஆம் தேதி பணம் பிடிக்கப்படும். பிடித்த பணம் அந்தக் கடையில் மட்டும் செலவழிக்கக்கூடிய இருப்பாகக் கணக்கில் ஏறும். பத்திரிகைச் சந்தா என்றால் இதழாவது வீட்டுக்கு வரும், அதைப் பார்த்தாவது சந்தா ஓடிக்கொண்டிருப்பது நினைவுக்கு வரும். இங்கே எதுவும் வராது. பணம் இருப்பாக நிற்பதால் உங்களிடம் நாங்கள் எதையும் எடுக்கவில்லை, உங்கள் பணம் உங்களிடமே இருக்கிறது என்று வாதிடவும் கடைக்கு இடம் கிடைக்கிறது.

இலவசச் சோதனைக் காலம் முடிந்ததும் முழுக் கட்டணத்துக்கு மாறுவது எல்லோரும் அறிந்த வகை; அதைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. ஒருமுறை வாங்குவது, மாதாமாதம் வாங்குவது என்ற இரண்டு தெரிவுகளில் பின்னதை முன்கூட்டியே தேர்ந்தெடுத்து வைத்திருக்கும் வகையும் பரவலானது. இன்னொரு பழைய வகையும் உண்டு. வாங்கி முடித்த பக்கத்தில் அடுத்த கொள்முதலுக்குத் தள்ளுபடி என்று ஒரு பொத்தான் மின்னும். அதை அழுத்தினால் கடைக்குச் சம்பந்தமே இல்லாத வேறொரு நிறுவனத்தின் சந்தாவில் சேர்ந்துவிடுவோம், கார்டு எண்ணைக் கடையே அந்த நிறுவனத்துக்குக் கொடுத்துவிடும். அமெரிக்காவில் 2010 டிசம்பரில் வந்த சட்டம் இப்படிக் கார்டு விவரத்தைக் கைமாற்றுவதைத் தடை செய்தது. இந்தியாவில் 2023 நவம்பரில் வெளியான வழிகாட்டு நெறிமுறைகள் வாடிக்கையாளரை ஏமாற்றும் 13 வகை வடிவமைப்பு உத்திகளைப் பட்டியலிட்டன. சந்தாப் பொறியும், கேட்காமல் கூடைக்குள் பொருள் சேர்ப்பதும் அவற்றில் அடக்கம். இத்தகைய உத்திகளை இருண்ட வடிவங்கள் என்று பெயரிட்டு 2010 முதல் ஆவணப்படுத்தி வந்தவர் ஹாரி பிரிக்னல் என்ற பயனர் அனுபவ வடிவமைப்பாளர்.

பிடித்தத்தைக் கண்டுபிடிப்பதே பாதி வேலை. கார்டு அறிக்கையில் கடையின் பெயர் வரும் என்று எதிர்பார்க்கக் கூடாது. தாய் நிறுவனத்தின் பெயரோ, பணப் பரிமாற்றத்தைச் செய்துகொடுக்கும் நிறுவனத்தின் பெயரோ, நடுவில் ஒரு நட்சத்திரக் குறியும் சில எண்களுமாகச் சுருக்கப்பட்டு வரும். அண்ணி ஒருநாள் தம் கார்டு அறிக்கையை நீட்டி, "தம்பி, இந்தப் பேர்ல நான் எதுவுமே வாங்கலையே, யாராவது கார்டைத் திருடிட்டாங்களா?" என்று கேட்டார். அந்த எழுத்துகளை அப்படியே தேடுபொறியில் இட்டும் பயனில்லை. தொகையை மட்டும் எடுத்து அவருடைய மின்னஞ்சல் பெட்டியில் தேடியபோது, விளம்பரப் பிரிவுக்குள், உங்கள் உறுப்பினர் நலன்கள் புதுப்பிக்கப்பட்டன என்ற தலைப்போடு ஓர் அஞ்சல் கிடைத்தது. தோல் பராமரிப்புப் பொருள் விற்கும் கடை அது. அன்றிலிருந்து பெயரை விட்டுவிட்டுத் தொகையை வைத்துத்தான் தேடுகிறேன். பைசா வரை பொருந்தும் தொகை பெரும்பாலும் ஒரே ஓர் அஞ்சலில்தான் இருக்கும்.

ரத்து செய்யும் பக்கத்துக்கு வருவோம். இதில் கடைகளின் போக்கு எப்படிப்பட்டது என்பதற்கு நல்ல சான்று அமெரிக்காவின் கூட்டாட்சி வர்த்தக ஆணையம் 2023 ஜூனில் அமேசான் மீது தொடுத்த வழக்கு. பிரைம் உறுப்பினர் சந்தாவை ரத்து செய்ய 4 பக்கங்கள், 6 கிளிக்குகள், 15 தெரிவுகளைக் கடக்க வேண்டியிருந்ததாக ஆணையம் தன் மனுவில் குறிப்பிட்டது. அந்த வழக்கு 2025 செப்டம்பரில் 250 கோடி டாலர் சமரசத்தில் முடிந்தது; அதில் 150 கோடி வாடிக்கையாளர்களுக்குத் திருப்பித் தருவதற்கு. சேர்வதற்கு ஓர் அழுத்தல், விலகுவதற்கு ஒரு யாத்திரை என்ற ஏற்பாடு சிறிய கடைகளில் இன்னும் மோசம். நான் கையாண்ட காலணிக் கடையில் ரத்து செய்யும் பொத்தானே கிடையாது. அரட்டைப் பெட்டியில் பேசும் ஊழியர் மிகுந்த மரியாதையோடு, "சார், ரத்து செய்வதற்குப் பதிலாக மூன்று மாதம் நிறுத்தி வைக்கட்டுமா?" என்று கேட்பார். மறுத்தால் பாதி விலைச் சலுகை வரும். அதையும் மறுத்தால் காரணம் கேட்பார். நிறுத்தி வைப்பது ரத்து ஆகாது என்பதையும், அந்த மூன்று மாதம் முடிந்ததும் பிடித்தம் தானாகத் தொடங்கும் என்பதையும் அவர் சொல்ல மாட்டார், நாம்தான் கேட்டு எழுத்தில் வாங்க வேண்டும்.

அரட்டை ஊழியரோடு காரணங்களை விவாதிப்பதை நான் விட்டுவிட்டேன். இந்தத் தேதியோடு உறுப்பினர் நிலையை ரத்து செய்கிறேன், இனி என் கார்டிலிருந்து எந்தத் தொகையும் எடுக்க அனுமதி இல்லை, ரத்து உறுதியை மின்னஞ்சலில் அனுப்புங்கள் என்ற மூன்று வாக்கியங்களை மட்டும் திரும்பத் திரும்ப இடுகிறேன். உரையாடல் முடியும் முன் தேதி தெரியும்படி முழு அரட்டையையும் படம்பிடித்துக்கொண்டு, அதே வாசகத்தைக் கடையின் மின்னஞ்சல் முகவரிக்கும் அனுப்புகிறேன். கடை பதில் போடாவிட்டாலும் கவலையில்லை. பிற்பாடு வங்கி கேட்கப்போவது, நீங்கள் எப்போது ரத்து செய்தீர்கள், அதற்கு என்ன ஆதாரம் என்ற இரண்டையும்தான். ரத்து எண் என்று ஒன்றைக் கடை கொடுத்தால் அது தங்கம்.

வங்கியிடம் போகும்போது எந்தக் காரணத்தின் கீழ் ஆட்சேபம் பதிகிறோம் என்பதில் பெரும்பாலோர் சறுக்குகிறார்கள். உதவி மைய ஊழியர்களே சில சமயம் தவறான பக்கம் தள்ளிவிடுகிறார்கள். இந்தப் பரிமாற்றத்தை நீங்கள் செய்தீர்களா என்று அவர் கேட்பார். இல்லை என்ற பதில் வாயில் இயல்பாக வரும், உண்மையும் அதுபோலத்தான் தோன்றும். அந்த ஒரு சொல்லில் விவகாரம் மோசடிப் பிரிவுக்குப் போய்விடுகிறது. கார்டு முடக்கப்படும், புதுக் கார்டு வரும், ஆனால் கடை உங்கள் பெயர், முகவரி, முதலில் வாங்கிய பொருளின் ரசீது எல்லாவற்றையும் காட்டி இவர்தான் வாங்கியவர் என்று எளிதாக நிரூபித்துவிடும். கார்டு வலையமைப்பான விசா 2023 ஏப்ரலில் கொண்டுவந்த விதிப்படி, அதே கார்டில் ஆட்சேபிக்கப்படாத இரண்டு பழைய பரிமாற்றங்களைக் கடை காட்டி, அவற்றைச் செய்த இணைப்பின் ஐ.பி. முகவரி, சாதனம் போன்ற விவரங்கள் இப்போதையதோடு பொருந்தினால், மோசடி என்ற வாதம் நிற்காது. மாதக்கணக்கில் கவனிக்கப்படாமல் போன பிடித்தங்கள் இவ்வாறு கடையின் ஆதாரமாகவே மாறிவிடுகின்றன.

சந்தாப் பிடித்தத்துக்குப் பொருத்தமான தலைப்பு, ரத்து செய்யப்பட்ட தொடர் பரிமாற்றம் என்பது. விசாவின் விதிகளில் இதற்கென 13.2 என்ற தனிக் காரணக் குறியீடே இருக்கிறது. உதவி மையத்தில் அந்த எண்ணைச் சொல்ல வேண்டியதில்லை. முதல் கொள்முதல் என்னுடையதுதான், தொடர் பிடித்தத்தை இந்தத் தேதியில் ரத்து செய்துவிட்டேன், அதற்குப் பிறகும் எடுத்திருக்கிறார்கள் என்று வரிசையாகச் சொன்னாலே சரியான பிரிவில் பதிந்துவிடுகிறார்கள். அண்ணியின் விவகாரத்தில் முதல் முறை மோசடி என்று பதிந்து நிராகரிக்கப்பட்டது. பின்னர் கடைக்கு ரத்து அஞ்சல் அனுப்பி, அதற்குப் பின்னும் வந்த பிடித்தத்தை இந்தத் தலைப்பில் பதிந்தபோது பணம் திரும்பியது. இத்தகைய ஆட்சேபங்களுக்குக் கார்டு வலையமைப்புகளில் பொதுவாக 120 நாள் கெடு உண்டு. வங்கிகள் தம் வாடிக்கையாளருக்கு அதைவிடக் குறைவாக வைப்பதும் உண்டு. ஆகவே அறிக்கையை வாராவாரம் பார்க்காவிட்டாலும் மாதம் ஒருமுறையாவது பார்க்காமல் இந்த வழி பயன்படாது. ஆண்டுச் சந்தாக்கள் இதில் தனித் தொல்லை; ஆண்டுக்கு ஒரே ஒரு வரி என்பதால் பழகிய கண்ணுக்கும் தப்பிவிடும்.

கார்டை மாற்றிவிட்டால் போதும் என்பது பரவலான நம்பிக்கை. பல நேரங்களில் அது நடக்காது. விசா, மாஸ்டர்கார்டு இரண்டுமே புதிய கார்டு எண்ணையும் காலாவதித் தேதியையும் அதற்கெனப் பதிவு செய்துகொண்ட கடைகளுக்குத் தானாகவே தெரிவிக்கும் சேவையை நடத்துகின்றன. மின்கட்டணமும் காப்பீடும் தடையில்லாமல் செல்ல அது உதவுகிறது. வேண்டாத சந்தாவும் அதே வசதியில் புதுக் கார்டுக்குத் தாவிவிடுகிறது. இந்தச் சேவையில் உங்கள் வங்கி பங்கேற்கிறதா, விலகிக்கொள்ள முடியுமா என்று கேட்பது நல்லது. என்னைப் பொறுத்தவரை அதைவிட நம்பகமானது மெய்நிகர் கார்டு. ஒரே ஒரு கடைக்கு மட்டும் செல்லுபடியாகும்படி, உச்சவரம்பு வைத்து, சோதனைக் காலம் எதற்கும் அதைத்தான் கொடுக்கிறேன். பிடித்தம் முயலப்பட்டு நிராகரிக்கப்பட்டது என்ற குறுஞ்செய்தி வரும்போது கிடைக்கும் சிறு திருப்தியையும் மறைப்பதற்கில்லை. ஆனால் இது அனுமதியை மட்டுமே முறிக்கிறது. ஒப்பந்தம் தனியாக ரத்தாக வேண்டும். ஆண்டு ஒப்பந்தத்தை மாதத் தவணையாகக் கட்டும் வகையில் கடைக்குச் சட்டப்படி பாக்கி கேட்க இடமும் இருக்கலாம்.

கைபேசிச் செயலி வழியாகச் சேர்ந்த சந்தாக்கள் ஒப்பீட்டளவில் எளிது. ஆப்பிள், கூகுள் பிளே இரண்டிலும் கணக்கு அமைப்புகளுக்குள் சந்தாக்களின் பட்டியல் ஒரே இடத்தில் இருக்கிறது. செயலியை நீக்குவதால் மட்டும் சந்தா நிற்பதில்லை என்பதை மட்டும் நினைவில் வைத்தால் போதும். பேபால் என்ற இணையப் பணச் சேவை வழியாகச் செலுத்தியிருந்தால் அதன் தானியங்கிக் கட்டணப் பட்டியலில் கடைக்கு எதிரே ரத்து செய்யும் தெரிவு உண்டு. கடையோடு பேசுவதற்கு முன்பே அதை அழுத்திவிடுகிறேன்.

விதிகள் மெல்ல வாடிக்கையாளர் பக்கம் நகர்வதும் பயனர் என்ற முறையில் உணரக்கூடியதாக இருக்கிறது. ஜெர்மனியில் 2022 ஜூலை 1 முதல், இணையத்தில் சேரக்கூடிய சந்தாவுக்கு ரத்துப் பொத்தானும் இணையத்திலேயே இருக்க வேண்டும். இல்லாவிட்டால் வாடிக்கையாளர் எப்போது வேண்டுமானாலும் முன்னறிவிப்பின்றி விலகலாம். இந்திய ரிசர்வ் வங்கியின் விதி 2021 அக்டோபர் முதல், தொடர் பிடித்தத்துக்கு 24 மணி நேரம் முன்பே அறிவிப்பு வரவேண்டும் என்கிறது. விசாவோ 2020 ஏப்ரல் முதல், சோதனைக் காலம் முடிந்து முதல் பிடித்தத்துக்குக் குறைந்தது 7 நாள் முன்பே நினைவூட்டல் அனுப்பக் கடைகளைக் கட்டாயப்படுத்துகிறது. இந்த நினைவூட்டல் அனுப்பப்படாததையே வங்கிக்கு எழுதும் ஆட்சேபத்தில் ஒரு வாதமாகச் சேர்த்திருக்கிறேன். எல்லாம் ஒரே திசையில் போகிறது என்றும் சொல்ல முடியாது. சேர்ந்த அளவு எளிதாகவே விலகவும் முடிய வேண்டும் என்று அமெரிக்க ஆணையம் 2024இல் இறுதி செய்த விதியை, நடைமுறைக்கு வரச் சில நாள்களே இருந்த நிலையில், மேல்முறையீட்டு நீதிமன்றம் 2025 ஜூலையில் ரத்து செய்துவிட்டது.

காலணிக் கடை கடைசியில் என்ன செய்தது என்றால், கெடுவுக்குள் இருந்த பிடித்தங்களை வங்கி மீட்டுத் தந்தவுடன், அதற்கு முந்தைய தொகைகளுக்கான இருப்பையும் உறுப்பினர் நிலை முடிந்துவிட்டது என்ற காரணத்தைக் காட்டி முடக்கிவிட்டது. இருப்பாக வைத்திருக்கும் பணத்தை, ரத்துக் கோரிக்கை அனுப்புவதற்கு முன்பே பொருளாக மாற்றிக்கொள்வதோ, அல்லது அந்த இருப்பைப் பணமாகத் திருப்பித் தரும்படி அதே அஞ்சலில் தனி வரியாகக் கேட்பதோ அவசியம். நான் இரண்டாவது வழியில் கேட்டிருந்தேன். முடக்கியதற்கு எதிராக அந்த வரியை மேற்கோள் காட்டி மறுபடி எழுதியபோது, நிறுவனத்தின் நல்லெண்ணத்தின் அடிப்படையில் என்ற முன்னுரையோடு பாதித் தொகையைத் திருப்பினார்கள். மீதிப் பாதிக்கான கடிதப் போக்குவரத்து இன்னும் முடியவில்லை.