பன்னிரண்டு ரியூப் பெட்டியும் கட்டின கன்வஸும்: வன்னியில் அக்ரிலிக் வாங்குகிறவர்களுக்கு

கிளிநொச்சி, வவுனியா புத்தகக் கடைகளில் சித்திரக் கொப்பிகளுக்குப் பக்கத்தில் இந்த இரண்டு சாமானும் கிடக்கும். ஒன்று, 12 மில்லிலீற்றர் ரியூப் பன்னிரண்டு அடுக்கின அக்ரிலிக் பெட்டி, அதாவது தண்ணீரில் கரைத்துப் பூசும் பெயின்ற். மற்றது, 24க்கு 30 அங்குலத்தில் மரச் சட்டத்தோடு கட்டி வரும் கன்வஸ், அதாவது படம் வரைகிற சீலை. மேலே எந்தப் பெயர் அச்சடித்திருந்தாலும் மலிவு வரிசையில் குணம் ஒன்றுக்கொன்று கிட்டத்தான். பாடசாலைச் சித்திரப் பயிற்சிக்குப் பெட்டி தாராளம். படம் பத்து வருடம் சுவரில் நிற்கவேண்டும், காசு கொடுத்து ஒருவர் வாங்கிப் போகவேண்டும் என்றால் போதாது. கன்வஸ் அப்படியில்லை, கொஞ்சம் மினக்கெட்டால் தேறும்.

முதலில் வெள்ளையைப் பாருங்கள். 12 மில்லிலீற்றர் என்பது 12 கன சென்ரிமீற்றர். அந்தக் கன்வஸின் முகப்பு ஏறக்குறைய 4,600 சதுர சென்ரிமீற்றர். ரியூப்பைக் கடைசிச் சொட்டுவரை பிதுக்கி ஒரே சீராகப் பரப்பினாலும் ஈரப் படை ஒரு மில்லிமீற்றரில் நாற்பதில் ஒரு பங்குதான் வரும். தண்ணீர் ஆவியானதும் அதுவும் மெலியும். மற்ற எல்லா நிறத்தோடும் கலக்கிறது வெள்ளைதான் என்பதால் முதற் படத்திலேயே முடிந்துவிடும். பொன்னும் வெள்ளியும் மூடி திறபடாமல் அடுத்த வருடம் இறுகிப்போய்க் கிடக்கும். பன்னிரண்டு நிறம் என்று பெட்டி சொல்வதில் பாதி அலங்காரம்.

நிறத்தின் பெயரைப் பார்த்து வாங்காதீர்கள், ரியூப்பின் முதுகில் நிறப்பொருளின் குறியீடு இருக்கிறதா என்று பாருங்கள். பிடபிள்யூ6 (PW6) என்றால் ரைற்றேனியம் வெள்ளை, பிபி15 (PB15) என்றால் தாலோ நீலம், பிபி29 (PB29) என்றால் அல்ற்றாமரின் நீலம். 'காட்மியம் ரெட் ஹியூ' என்று எழுதியிருந்தால் உள்ளே காட்மியம் இல்லை, அந்தச் சாயலில் வேறேதோ சிவப்பு இருக்கிறது. அது நல்ல சிவப்பாகவும் இருக்கலாம், குறியீடு இருந்தால்தான் தெரியும். மலிவுப் பெட்டிகளில் பெரும்பாலும் பெயர் மட்டும்தான் இருக்கும். எந்த நிறப்பொருள் என்று தெரியாமல் வெயிலைத் தாங்குமா என்று சொல்ல ஒருவராலும் முடியாது.

வெயில் சின்ன விசயமில்லை. வான்கோ 1888இல் பிரான்சின் ஆர்ல் நகரில் வரைந்த படுக்கையறைப் படத்தில் சுவர் இன்று நீலமாகத் தெரிகிறது. அவர் பூசியது ஊதா. ஊதாவுக்குள் இருந்த சிவப்புச் சாயம் வெளிறிப்போக நீலம் மட்டும் மிஞ்சியது. வெளிறும் என்று அவருக்கே தெரியும். காலம் எப்படியும் மங்கவைக்கும், ஆகவே இப்போதே துணிந்து கடுமையாகப் பூசலாம் என்ற கருத்தில் தம்பி தியோவுக்கு எழுதியிருக்கிறார். பெயின்ற் வாங்கக் காசு அனுப்பியவரும் அதே தம்பிதான். அமெரிக்க ஓவியர் மார்க் ரொத்கோவின் கதை இன்னும் மோசம். 1964இல் ஹார்வர்ட் பல்கலைக்கழகச் சாப்பாட்டு மண்டபமொன்றில் அவருடைய ஐந்து பெரிய படங்கள் தொங்கவிடப்பட்டன. லிதோல் சிவப்பு கலந்த நிறம், பெரிய சன்னல்கள், நாள்முழுக்க வெளிச்சம். நிறம் வெளிறிப்போக 1979இல் கழற்றிக் களஞ்சியத்துக்குள் வைக்கவேண்டியதாயிற்று. 2014இல் புறொஜெக்ரர் ஒளியைப் பாய்ச்சித்தான் பழைய நிறத்தை மறுபடி காட்டினார்கள். அது குளிர்நாட்டுச் சன்னல். நம்முடைய சித்திரை வெயிலைச் சொல்லவும் வேண்டுமா?

வாங்கின பெட்டியைச் சோதிப்பது இலகு. தடித்த வெள்ளைக் கடதாசியில் ஒவ்வொரு நிறத்தையும் ஒரு விரல் அகலக் கோடாக, ஒருமுறை தடிப்பாகவும் ஒருமுறை வெள்ளை கலந்தும் இழுங்கள். காய்ந்தபின் கோடுகளின் பாதியை சமையல் அலுமினியத் தாளால் மூடி, வெயில் படும் சன்னற் கண்ணாடியில் முகம் வெளியே பார்க்க ஒட்டுங்கள். இரண்டு மாதம் கழித்துத் தாளை உரியுங்கள். இந்தத் தரத்துப் பெட்டிகளில் அநேகமாக முதலில் காலை வாருவது றோஸ், அடுத்தது வயலற். வெள்ளை கலந்த கோட்டில்தான் வெளிறுவது தெளிவாகத் தெரியும். மண்ணிறங்களும் கறுப்பும் அசையாது, நீலமும் அநேகமாகத் தாங்கும். மினுங்கும் நியோன் நிறங்களைச் சோதிக்கவே தேவையில்லை, அவை நிற்கா.

தண்ணீரும் கவனிக்கவேண்டியது. கேத்தலின் அடியில் வெள்ளையாகப் படியும் சுண்ணாம்பு, கிணற்றுத் தண்ணியில் கரைத்த மெல்லிய பூச்சிலும் காய்ந்தபின் புகை படிந்தாற்போல் தெரியும். கரும்பச்சை, கறுப்பு மேல் அது அப்பட்டமாகத் தெரியும். ஆர்ஓ தண்ணி வாங்குகிற வீடென்றால் ஒரு போத்தலை ஒதுக்கி வையுங்கள், இல்லாவிட்டால் மழைத்தண்ணி. பெயின்றில் பாதிக்கு மேல் தண்ணீர் சேர்த்தால் நிறத்தைப் பிடித்துவைக்கும் பசை மெலிந்து, காய்ந்த பிறகு ஈரத் துணியால் துடைத்தாலே நிறம் கையோடு வரலாம். சோளகம் அடிக்கிற மாதங்களில் தட்டில் வைத்த பெயின்ற் ஐந்து நிமிடத்தில் தோல் பிடிக்கும், புழுதியும் ஒட்டும். தட்டின் அடியில் நனைத்துப் பிழிந்த துணி, அதன்மேல் எண்ணெய்க் கடதாசி, அதன்மேல் பெயின்ற் என்று வைத்தால் காலை முழுக்க இளக்கமாக இருக்கும். காத்தாடியை நிற்பாட்டிவிட்டு வேலை செய்யுங்கள்.

இனிக் கன்வஸ். திருப்பிப் பின்பக்கத்தைப் பாருங்கள். சட்டத்தின் உள்விளிம்பு முன்பக்கம் சரிவாகச் சீவியிருக்கவேண்டும். தட்டையாக இருந்தால் சீலை மரத்தில் பட்டு, படம் முடிந்தபின் நாலு பக்கமும் சட்டத்தின் தழும்பு தெரியும். மூலைகளில் ஆப்பு அடிக்க வெட்டு இருக்கிறதா? 30 அங்குலப் பக்கத்துக்கு நடுவே குறுக்குச் சட்டம் உண்டா? மலிவுச் சரக்கில் இரண்டும் இராது. மாரியில் சீலை தொய்ந்து, வெயில் வந்ததும் இறுகி இழுக்க, சட்டம் ஒரு மூலையில் முறுகும். முன்பக்கத்தில் ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டுப் பத்து நிமிடம் பொறுங்கள். பின்பக்கம் ஈரம் தெரிந்தால் அடிப்பூச்சு காணாது. ஜெசோ என்ற வெள்ளை அடிப்பூச்சை வாங்கி, முதற் கையைக் கொஞ்சம் தண்ணீர் விட்டு நெடுக்காகவும் இரண்டாவதைக் குறுக்காகவும் பூசி, இடையில் 220 இலக்க மண்தாளால் மெல்லத் தேய்த்தால் மலிவுக் கன்வஸும் உருப்படும். சுவருக்கு அடிக்கும் மலிவு இமல்சனை ஜெசோவுக்குப் பதிலாக அடிக்கலாமா என்று பலர் கேட்பார்கள். அதில் பசை குறைவு, இட்டுநிரப்பும் தூள் கூட. சீலை அசையும்போது வெடிக்கும். அசையாத ஹார்ட்போட் என்றால் பரவாயில்லை.

ஊர் ஓடாவியிடம் சட்டம் செய்விப்பதே நல்லது. நன்றாக உலர்ந்த மரம், உள்விளிம்பு சரிவு, நடுச் சட்டம் என்ற மூன்றையும் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். பச்சை மரம் எவ்வளவு மலிவென்றாலும் வேண்டாம். சீலையை ஒவ்வொரு பக்கத்தின் நடுவிலும் ஒரு ஸ்ரேப்பிள் அடித்துத் தொடங்கி, எதிரெதிர்ப் பக்கமாக மாறி மாறி இரண்டு அங்குல இடைவெளியில் மூலைக்குப் போங்கள். மூலையில் தொடங்கினவர்களின் கன்வஸில் அலை நிற்கும்.

ஹார்ட்வெயார் எனாமலில் வரையலாமா? பிக்காசோ ரிப்போலின் என்ற வீட்டுப் பெயின்ற்றில் வரைந்திருக்கிறார், அமெரிக்க ஓவியர் ஜாக்சன் பொல்லொக் டின் எனாமலைத் தரையில் விரித்த சீலையில் ஊற்றினார், இந்திய ஓவியர் எம். எஃப். ஹுசைன் பம்பாயில் சினிமாத் தட்டி வரைந்தே வயிறு வளர்த்தவர். ஆகவே வெட்கப்பட ஒன்றுமில்லை. ஆனால் வெள்ளை எனாமல் மஞ்சளாகும், காலம் போக இறுகி நொறுங்கும். பலகையில் வரையுங்கள், தொய்கிற சீலையில் வேண்டாம். எனாமலுக்கு மேலே அக்ரிலிக் பிடிக்காது, உரிந்து வரும்.

கண்காட்சிக்குக் கொழும்புக்கோ யாழ்ப்பாணத்துக்கோ அனுப்புவதில்தான் அக்ரிலிக்கின் பெரிய குறை தெரியும். சூட்டில் அது இளகும். தகரக் கூரைக்குக் கீழே முகத்தோடு முகம் வைத்து அடுக்கின இரண்டு படங்கள் ஒன்றோடொன்று ஒட்டும், பிரிக்கும்போது ஒன்றின் நிறம் மற்றதில் போகும். சுருட்டுவதானால் வரைந்த முகம் வெளிப்பக்கம், நாலு அங்குலத்துக்குக் குறையாத குழாய், நடுவில் கேக் அடிக்கு விரிக்கும் ஒட்டாத் தாள். பொலித்தீன் வேண்டாம். இடப்பெயர்வில் எதைச் சுருட்டி எடுப்பது, எதை விடுவது என்று நின்ற ஊர்களில் இதைத் தெரிந்து வைத்திருப்பதில் தவறில்லை.

பெட்டிக்குப் பதிலாக என்ன வாங்கலாம்? குறியீடு எழுதின 75 மில்லிலீற்றர் ரியூப்களைத் தனித்தனியாக எடுங்கள். ரைற்றேனியம் வெள்ளை இரண்டு, தாலோ நீலம், நப்தோல் சிவப்பு பிஆர்112 (PR112), மஞ்சள் பிவை74 (PY74), பேண்ற் அம்பர் என்ற கபிலம். ஒரேயடியாக வாங்கக் கட்டாது, மாதம் ஒன்று இரண்டாகச் சேருங்கள். பெட்டியில் இருப்பது மொத்தம் 144 மில்லிலீற்றர், விலையை அதால் பிரித்து, தனி ரியூப்பின் விலையையும் 75ஆல் பிரித்துப் பார்த்தால் பெட்டி நினைத்த அளவு மலிவில்லை. சென்னைக்கு அருகே சோழமண்டலம் என்ற ஓவியர் கிராமத்தில் 1966இல் ஓவியர் கே. சி. எஸ். பணிக்கரோடு கூடின ஓவியர்கள் பத்திக் துணியும் கைவினையும் விற்றுத்தான் ஓவியத்தை நடத்தினார்கள். வாழ்த்து அட்டையும் பெயர்ப்பலகையும் வரைந்து ரியூப் வாங்குவது இந்தத் தொழிலில் புதிதல்ல. அந்தச் சில்லறை வேலைகளுக்குப் பன்னிரண்டு ரியூப் பெட்டியே போதும்.