டிரான்சிஸ்டர் புரியணும்னா யாரைப் படிக்கலாம், பார்டீனையா ஷாக்லியையா?

சின்ன மின்சாரத்தைப் பெருசாக்குற டிரான்சிஸ்டரைக் கண்டுபிடிச்சதுக்காகப் பேசப்படுற மூணு பேர் பார்டீன், பிராட்டெய்ன், ஷாக்லி. பார்டீனும் பிராட்டெய்னும் 1948 ஜூலைல பிசிக்கல் ரிவ்யூங்கிற இயற்பியல் இதழ்ல எழுதுன லெட்டர், அதாவது சின்ன ஆய்வுக் குறிப்பு, ஒருபுறம், ஷாக்லி 1950ல போட்ட எலக்ட்ரான்ஸ் அண்ட் ஹோல்ஸ் இன் செமிகண்டக்டர்ஸ் புக் இன்னொருபுறம். ரெண்டுல எதை முதல்ல எடுக்குறதுன்னு கேட்டா நான் ஷாக்லின்னுதான் சொல்வேன், இத்தனைக்கும் மனுஷனா எனக்குப் பிடிச்சது பார்டீன்தான்.

லெட்டர் ரெண்டு பக்கம்கூட முழுசா வராது. ஜெர்மேனியம்ங்கிற செமிகண்டக்டர் (அரைகடத்தி) துண்டு மேல மயிரிழை இடைவெளில ரெண்டு உலோக முனை, ஒண்ணுல போற சின்ன கரண்ட் இன்னொண்ணுல பெருசா வெளிய வருது, அவ்ளோதான். முதல்ல செஞ்சு காட்டுனது இவங்க ரெண்டு பேர்தான், 1947 டிசம்பர்ல அமெரிக்காவோட பெல் லேப்ஸ் ஆய்வுக்கூடத்துல, அதுல எந்த சந்தேகமும் வேணாம். ஆனா ஹோல்னா என்னன்னு ஏற்கனவே தெரிஞ்சவங்களுக்கு எழுதுனது அது, புதுசா வர்றவங்களுக்கு ஒண்ணும் ஒட்டாது.

ஷாக்லி புக் 500 பக்கத்துக்கு மேல, ஆனா ஆரம்பத்துலயே ஒரு கார் பார்க்கிங்கைக் காட்டி ஆரம்பிக்கிறார் பாருங்க, அங்கதான் நான் விழுந்தேன். கீழ்த்தளம் முழுக்க கார் நெருக்கி நிக்குது, மேல்தளம் காலி, யாராலயும் அசைய முடியாது. ஒரே ஒரு காரை மேல ஏத்திட்டா அது மேல தாராளமா ஓடும், கீழ விழுந்த காலி இடத்துக்குப் பக்கத்து கார் நகரும், அதோட இடத்துக்கு அடுத்தது நகரும், இப்படியே அந்தக் காலி இடமே எதிர்த்திசைல போற மாதிரி இருக்கும். மேல ஓடுறது எலக்ட்ரான், கீழ நகர்ற காலி இடம் ஹோல். இதுக்கு மேல எளிமையா யாரும் சொல்லி நான் படிச்சதில்ல.

சாதனத்துலயும் இதே கதைதான், அந்த ரெண்டு முனை வச்ச பாயின்ட் கான்டாக்ட் டிரான்சிஸ்டர் முதல்ல வந்துச்சு ஆனா முனை கொஞ்சம் அசைஞ்சா போச்சு, அதோட பேட்டன்ட்ல தன் பேர் இல்லாத கோபத்துல ஷாக்லி தனியா உக்காந்து 1948 ஜனவரில யோசிச்ச, முனைக்குப் பதிலா செமிகண்டக்டர் அடுக்குகளை வச்சு வேலை செய்யுற ஜங்ஷன் டிரான்சிஸ்டர்தான் நிலைச்சுது.

வாழ்க்கைன்னு வந்தா நேர் எதிர். மூணு பேருக்கும் 1956ல நோபல் சேர்ந்தே கிடைச்சுது. பார்டீன் அதுக்கு முன்னாடியே 1951ல இல்லினாய் பல்கலைக்கழகத்துக்குப் போயிட்டார், அங்க சூப்பர்கண்டக்டிவிட்டில (கடும் குளிர்ல சில பொருள்ல மின்தடையே இல்லாம போறது) வேலை செஞ்சு 1972ல இன்னொரு நோபல், இயற்பியல்ல ரெண்டு தடவை வாங்குனவர் அவர் ஒருத்தர்தான். ஷாக்லி கலிபோர்னியால ஆரம்பிச்ச கம்பெனில இருந்து 1957ல 8 பேர் அவர் நடத்துற விதம் தாங்காம வெளியேறி ஃபேர்சைல்டு செமிகண்டக்டர்ங்கிற கம்பெனியைத் தொடங்குனாங்க. அப்புறம் கடைசிக் காலம் முழுக்க இனத்தையும் அறிவையும் முடிச்சுப் போட்டு அவர் பேசுனதும் எழுதுனதும் தப்பு, அசிங்கம், அதுல சமாதானம் சொல்ல ஒண்ணுமே இல்ல.

அதனால 1950 புக்ல முதல் சில அத்தியாயத்தைப் படிச்சுட்டு, உடனே அந்த லெட்டருக்குப் போங்க. முதல்ல ஒட்டாத அதே ரெண்டு பக்கத்துல அந்த சின்ன ஜெர்மேனியம் துண்டுக்குள்ள ஹோல் ஓடுறது இப்ப கண்ணுக்குத் தெரியும்.