கீழக்கரை படிப்பகம், மூணு மாச அனுபவம்

சிவில் ஜட்ஜ் எக்ஸாமுக்குப் படிக்கிறவங்களுக்காகச் சொல்றேன், கீழக்கரைல ஒரு மாடி படிப்பகத்துக்கு மூணு மாசமா போறேன், மனசார அஞ்சு ஸ்டார் குடுக்கலாம். ஜன்னலத் திறந்தா கடல்காத்து பக்கத்தப் புரட்டிக்கிட்டே இருக்கும், அதுக்குன்னே மேஜைக்கு மேஜை ஒரு சங்கு வெச்சிருக்காங்க, அத புக்கு மேல வெச்சுட்டு படிக்க வேண்டியதுதான். கரண்ட் போனா இன்வெர்ட்டர் இல்ல, அது ஒண்ணுதான் கஷ்டம்.

ஆனா நான் எழுத வந்ததே சனிக்கிழமை வகுப்பப் பத்தி. நடத்துற வக்கீல் அக்கா வாரம் ஒரு நீதிபதி வாழ்க்கையச் சொல்வாங்க. போன வாரம் கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லி. அமெரிக்காவுல 1966ல ஃபெடரல் ஜட்ஜ் ஆன முதல் கறுப்பினப் பெண்மணி, நியூயார்க் விசாரணை கோர்ட்டு. அதுக்கு முன்னாடி வக்கீலா சுப்ரீம் கோர்ட்டுல 10 கேஸ் வாதாடி 9 ஜெயிச்சவங்க! நம்ம டிஎன்பிஎஸ்சி மாதிரி அங்க பரீட்சை கிடையாது, ஜனாதிபதி பேரச் சொல்லி செனட் ஒத்துக்கிட்டா ஆயுசுக்கும் பதவி.

1975ல ஒரு பெரிய வக்கீல் கம்பெனி பொம்பளைங்கள வேலைக்கு எடுக்குறதுல பாகுபாடு காட்டுதுன்னு மோட்லிகிட்ட கேஸ் வருது. நீங்க கறுப்பினப் பொம்பள, பொம்பளைங்க பக்கம்தான் சாய்வீங்க, வெலகிக்கங்கன்னு கம்பெனி தரப்பு கேக்குது. இனமும் ஆணா பொண்ணாங்கறதும் காரணம்னா இந்த கோர்ட்டுல ஒரு ஜட்ஜும் கேஸ் கேக்க முடியாதே, அப்படின்னு மறுத்துட்டாங்க. அக்கா இதச் சொல்லும்போது எனக்கு உடம்பு சிலிர்த்துருச்சு, பக்கத்துல இருந்த புள்ள நோட்டுல அத ரெண்டு தடவ அடிக்கோடு போட்டுச்சு.

சனிக்கிழமை கொஞ்சம் வெள்ளனவே போயிருங்க, ஜன்னலோர சீட்டு கிடைக்காது.