4×32, 3-9×40: குறைந்த விலையில் எந்தத் தொலைநோக்கி?

குறைந்த விலையில் துப்பாக்கித் தொலைநோக்கி தேடுபவர் முன் பெரும்பாலும் இரண்டு வகைகள் நிற்கின்றன: உருப்பெருக்கம் மாறாத 4×32, மூன்று முதல் ஒன்பது மடங்கு வரை மாற்றக்கூடிய 3-9×40. 50 முதல் 100 மீட்டர் வரையிலான அன்றாடப் பயிற்சிக்கு நான் தயங்காமல் முதலாவதையே பரிந்துரைப்பேன். முன்வில்லையின் விட்டத்தை (× குறிக்குப் பின்வரும் எண், மில்லிமீட்டரில்) உருப்பெருக்கத்தால் வகுத்தால் கண்ணை வந்தடையும் ஒளிக்கற்றையின் அகலம் கிடைக்கும். 4×32இல் அது 8 மில்லிமீட்டர், மற்றதை ஒன்பது மடங்கில் வைத்தாலோ ஏறக்குறைய 4.4 மட்டுமே என்பதால், கன்னம் துப்பாக்கியின் பின்கட்டையிலிருந்து சிறிது விலகினாலும் காட்சியின் ஓரத்தில் கருநிழல் பிறை போலப் படர்ந்துவிடும். இலக்குத் தாளில் விழுந்த துளைகளை இருந்த இடத்திலிருந்தே காண விரும்புபவருக்கு 3-9×40 கைகொடுக்கும். எதை வாங்கினாலும், தொலைநோக்கியில் குறியைச் சரிசெய்யும் திருகைச் சில சொடுக்குகள் ஏற்றி, அதே எண்ணிக்கையில் இறக்கியபின், குண்டு பழைய இடத்திலேயே விழுகிறதா என்று கட்டாயம் சோதித்துப் பாருங்கள்.