மியாமோட்டோவா, கொஜிமாவா: யாரிடம் தொடங்குவது?

ஒரு ஜப்பானிய கேம் டிசைனரின் ஆட்டங்களைப் பழசிலிருந்து புதுசு வரை வரிசையாக ஆடிப் பார்க்க வேண்டும் என்று ஆசை வந்தபோது, என் முன்னால் இரண்டு பெயர்கள் இருந்தன: நின்டெண்டோ கேம் நிறுவனத்தின் ஷிகெரு மியாமோட்டோ, கொனாமி என்ற இன்னொரு கேம் நிறுவனத்தில் வளர்ந்த ஹிடியோ கொஜிமா. நான் மியாமோட்டோவைத் தேர்ந்தெடுத்தேன். இன்று யார் கேட்டாலும் அவரையே சொல்வேன்.

புகழ், விற்பனை இரண்டிலும் இருவருக்கும் குறைவில்லை, அதை விட்டுவிடுவோம். நான் பார்த்தது ஒன்றைத்தான்: இத்தனை வருடம் கழித்தும் அந்த ஆட்டத்தை இன்று எடுத்து ஆட முடிகிறதா?

மியாமோட்டோ 1977-ல் நின்டெண்டோவில் சேர்ந்தார். அமெரிக்காவில் விலைபோகாமல் தேங்கிக் கிடந்த 'ரேடார் ஸ்கோப்' என்ற ஆட்டத்தின் இயந்திரங்களை ஏதாவது செய்தாக வேண்டும் என்ற நெருக்கடியில் 1981-ல் பிறந்தது 'டாங்கி காங்'. அப்புறம் 1985-ல் 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்'. அதன் முதல் கட்டத்தைக் கவனித்து ஆடுங்கள். இடது ஓரத்தில் மாரியோ நிற்கிறார், வலது பக்கம் வெற்றிடம், எனவே கை தானாக வலப்பக்கம் போகிறது. எதிரே கூம்பா என்ற ஒரு குட்டி எதிரி வருகிறது. தாண்டத் தெரியாதவர் உடனே செத்துப்போவார், ஆனால் இழப்பது சில நொடிகள்தான். அடுத்து பெட்டியிலிருந்து வெளிவரும் காளான் வலப்பக்கம் நகர்ந்து, கீழே விழுந்து, குழாயில் முட்டி நம்மிடமே திரும்பி வருகிறது. அதையும் எதிரி என்று பயந்து குதித்தால், மேலே இருக்கும் கட்டைகளில் தலை இடித்துப் பெரும்பாலும் அதன் மேலேயே விழுகிறோம். மாரியோ பெரிதாகிவிடுகிறார். படிக்க ஒரு வரிகூட இல்லை. ஆறு வயதுக் குழந்தையிடம் இன்று கொடுத்தாலும் இதே பாடம் நடக்கிறது.

எல்லாமே அப்படி என்று சொல்ல மாட்டேன். 1986-ன் முதல் 'செல்டா'வில் எந்தப் புதரை எரித்தால் வழி திறக்கும் என்பதற்குப் பல இடங்களில் குறிப்பே கிடையாது. வழிகாட்டி இல்லாமல் நான் திணறினேன். நின்டெண்டோவில் அவரோடு வேலை செய்த தகாஷி தெசுகா போன்றவர்களின் உழைப்பையும் சேர்த்தே மியாமோட்டோவின் கணக்கில் எழுதுகிறோம் என்பதும் உண்மை.

கொஜிமாவின் மூளை வேறு ரகம். 1987-ல் எம்எஸ்எக்ஸ்2 கணினியால் திரையில் நிறைய எதிரிகளைக் காட்ட முடியாததால், சண்டை போடுவதற்குப் பதில் ஒளிந்து போகும் ஆட்டமாக 'மெட்டல் கியர்' அமைந்தது. 1998-ன் 'மெட்டல் கியர் சாலிட்'டில் சைக்கோ மேன்டிஸ் என்ற வில்லன் நம் மெமரி கார்டைப் படித்து, நாம் ஆடிய வேறு கேம்களைச் சொல்லிக் காட்டுவான். கன்ட்ரோலரைக் கழற்றி இரண்டாவது துளையில் செருகினால்தான் அவனை எளிதாக அடிக்க முடியும். அபாரமான யோசனை! ஆனால் அந்த மெமரி கார்டும் அந்தத் துளையும் இன்றைய கருவிகளில் இல்லை. 2014-ல் இலவசமாக வந்த அவரது குட்டித் திகில் ஆட்டம் 'பி.டி.' அடுத்த ஆண்டே பிளேஸ்டேஷன் கடையிலிருந்து நீக்கப்பட்டது. அதை ஆடாதவர் இனி முறையாகப் பெற வழியில்லை.

கதைக்காக ஆடுபவர் என்றால் தயங்காமல் கொஜிமா பக்கம் போங்கள். 2023-ல் வந்த மாஸ்டர் கலெக்ஷன் முதல் தொகுப்பில் அவரது ஆரம்ப 'மெட்டல் கியர்' ஆட்டங்கள் ஒன்றாகக் கிடைக்கின்றன. கொனாமியை விட்டு வந்தபின் 2019-ல் அவர் தந்த 'டெத் ஸ்ட்ராண்டிங்'கில் நான் பாதி தூரம்தான் போயிருக்கிறேன், அதனால் அதைப் பற்றி இப்போது தீர்ப்பு சொல்ல மாட்டேன். மியாமோட்டோ என்றால் 1985-ன் மாரியோவை முடித்துவிட்டு நேராக 1996-ன் 'சூப்பர் மாரியோ 64'-க்குத் தாவலாம். கோட்டைக்கு வெளியே உள்ள தோட்டத்தில் சும்மா ஓடிக் குதித்துப் பாருங்கள், உள்ளே போக அவசரமே வராது.