பிஎஸ்4-க்கு 2 டிபி எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க்: வாங்கலாமா?

சோனியின் கேம் கன்சோலான பிஎஸ்4 (ப்ளேஸ்டேஷன் 4) நன்றாகத்தான் ஓடுகிறது, ஆனால் புது கேம் போட இடமில்லை. இந்த நிலையில் இருப்பவர்களுக்கு நான் தயங்காமல் சொல்வது ஒன்றுதான்: சட்டைப் பையில் அடங்கும் சாதாரண 2 டிபி (அதாவது 2000 ஜிபி) எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க் ஒன்று வாங்குங்கள். எங்கள் வீட்டு பிஎஸ்4 ஸ்லிம் என்ற மெல்லிய மாடலில் அப்படி ஒன்றை மாட்டி ரொம்ப நாளாகிறது. கேம் வேகமாக ஓடும் என்று எதிர்பார்த்து வாங்காதீர்கள். அதனால் கிடைக்கும் நிம்மதி வேறு மாதிரி.

எங்களுடையது 500 ஜிபி மாடல். சிஸ்டம் எடுத்துக்கொண்டது போக கையில் மிஞ்சுவது 400 ஜிபி சொச்சம். ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2 என்ற கேம் இரண்டு ப்ளூரே டிஸ்க்கில் வருகிறது, அது ஒன்றே சுமார் 100 ஜிபியை விழுங்கிவிடும். கன்சோலில் நானும் தம்பியும் விளையாடுகிறோம். நான் ஒரு கதையை எடுத்தால் மாதக்கணக்கில் மெதுவாக நகர்த்துகிறவள். அவனுக்குக் கால்பந்து, துப்பாக்கி, கார் மூன்றும் எப்போதும் தயாராக இருக்க வேண்டும். ஆகவே எந்தப் புது கேம் வந்தாலும் முதல் கேள்வி, "அக்கா, உன்னோடதுல எதைத் தூக்கட்டும்?" என்பதுதான். தூக்கிய கேம் திரும்ப வேண்டுமென்றால் மறுபடி டவுன்லோட். 50 எம்பிபிஎஸ் இணைப்பு ஒரு நொடிகூடத் தடையில்லாமல் ஓடினாலும் 100 ஜிபி இறங்க நாலரை மணி நேரம் ஆகும். டிஸ்க்கில் வாங்கிய கேமுக்கும் இதே கதைதான். ப்ளூரேயிலிருந்து இன்ஸ்டால் ஆன பிறகு வரிசையாக நிற்கும் அப்டேட்களே பல ஜிபி.

இன்னொரு தொல்லையைப் பலர் கவனித்திருப்பீர்கள். 40 ஜிபி காலியாக இருக்கும், வரும் அப்டேட் 5 ஜிபிதான், ஆனாலும் இடம் போதவில்லை என்று பிஎஸ்4 அடம் பிடிக்கும். அப்டேட் இறங்கியதும் "காப்பி ஆகிறது" என்று ஒரு கட்டம் வருகிறதே, அங்கே அது பழைய கேமையும் புதுத் துண்டுகளையும் சேர்த்து மறுபடி ஒரு முழுப் பிரதி எழுதுகிறது. அதனால் பல நேரங்களில் கேமின் அளவுக்கே காலியிடம் கேட்கும். 500 ஜிபி மாடலில் இந்தக் கணக்கு ஒருநாளும் சரிப்பட்டு வராது. 2 டிபியை மாட்டியதிலிருந்து அந்த எச்சரிக்கை எங்கள் கண்ணில் பட்டதே இல்லை.

எக்ஸ்டர்னல் டிஸ்க்கில் கேம் போடும் வசதி பிஎஸ்4-க்கு 2017 மார்ச்சில் 4.50 அப்டேட்டோடு வந்தது. அதற்கு முன்னால் இடம் வேண்டுமென்றால் கன்சோலைத் திறந்து உள்ளே இருக்கும் டிஸ்க்கைக் கழற்றி வேறு போட்டு, சிஸ்டம் சாஃப்ட்வேரையே முதலிலிருந்து ஏற்ற வேண்டும். இப்போது வேண்டியது யூஎஸ்பி 3.0 உள்ள ஒரு டிஸ்க், குறைந்தது 250 ஜிபி, அதிகபட்சம் 8 டிபி. அவ்வளவுதான்.

எந்தக் கம்பெனி என்று கேட்பீர்கள். இன்று உலகத்தில் ஹார்ட் டிஸ்க் தயாரிப்பது சீகேட், வெஸ்டர்ன் டிஜிட்டல், தோஷிபா என்ற மூன்று பேர் மட்டுமே. எந்தப் பெட்டியை வாங்கினாலும் உள்ளே சுழல்வது இவர்களில் ஒருவருடைய டிஸ்க்தான். அதனால் கன்சோல் படமும் வண்ண விளக்கும் போட்டு, "கேம் டிரைவ்" என்று எழுதிக் கூடுதல் விலைக்கு விற்பதை நான் பொருட்படுத்துவதில்லை. சாதாரணக் கறுப்புப் பெட்டியே போதும். பார்க்க வேண்டியது அளவும் வாரண்டியும். 2.5 அங்குல டிஸ்க்காக இருக்கட்டும். யூஎஸ்பி வயர் வழியாகவே அதற்கு மின்சாரம் கிடைத்துவிடும். 3.5 அங்குலப் பெரிய டிஸ்க்குக்குத் தனி அடாப்டர், தனி பிளக் பாயிண்ட் எல்லாம் வேண்டும். டிவிக்குப் பின்னால் ஏற்கெனவே இருக்கும் வயர்க் காட்டில் இன்னொன்று எதற்கு?

மாட்டுவது சுலபம். செட்டிங்ஸில் டிவைசஸ், அதற்குள் யூஎஸ்பி ஸ்டோரேஜ் டிவைசஸ் போனால் டிஸ்க் தெரியும். எக்ஸ்டெண்டட் ஸ்டோரேஜாக ஃபார்மேட் செய் என்பதை அழுத்தினால் கொஞ்ச நேரத்தில் தயார். ஃபார்மேட் செய்தால் அதில் இருந்த போட்டோ, சினிமா எல்லாம் போய்விடும் என்பதால் காலி டிஸ்க்கையே பயன்படுத்துங்கள். அப்புறம் ஸ்டோரேஜ் பகுதிக்குப் போய், இனி வரும் கேம்கள் எங்கே இன்ஸ்டால் ஆக வேண்டும் என்பதில் எக்ஸ்டெண்டட் ஸ்டோரேஜ் இருக்கிறதா என்று ஒருமுறை பாருங்கள். பழைய கேம்களை அங்கிருந்தே நகர்த்தலாம், பலவற்றை ஒன்றாகத் தேர்ந்தெடுத்தும் அனுப்பலாம். 100 ஜிபி கேம் நகர எங்களுக்கு அரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் முன்னே பின்னே ஆகிறது. நாலரை மணி நேர டவுன்லோடோடு ஒப்பிட்டால் இது ஒன்றுமே இல்லை.

ஆனால் மொத்தக் கேம்களையும் ஒரே மூச்சில் நகர்த்தினால், முதலில் விறுவிறுவென்று போய்ப் பாதியில் வேகம் சரிவதைப் பார்ப்பீர்கள். டிஸ்க் கெட்டுப்போய்விட்டதோ என்று பயப்பட வேண்டாம். இந்த அளவுள்ள சிறிய டிஸ்க்குகளில் பெரும்பாலானவை, கூரையில் ஓடு வேய்வதுபோலத் தடங்களை ஒன்றன்மேல் ஒன்று கொஞ்சம் ஏறினாற்போல் எழுதுபவை. குறுகிய இடத்தில் நிறைய அடைக்க அதுதான் வழி. ஒரு தடத்தை மாற்றி எழுதினால் அதன்மேல் ஏறியிருக்கும் பக்கத்துத் தடங்களையும் திருப்பி எழுத வேண்டியிருக்கும். எனவே தொடர்ந்து நிறைய எழுதும்போது மூச்சு வாங்கும். படிப்பதில் இந்தச் சிக்கல் கிடையாது. கேம் விளையாடும்போது நடப்பது பெரும்பாலும் படிப்பதுதான் என்பதால், முதல் நாள் இடமாற்றம் முடிந்த பிறகு இது உங்களைத் தொந்தரவு செய்யாது.

விளையாடும்போது வேகம் எப்படி? ஸ்லிம்முக்குள் இருப்பதும் நிமிடத்துக்கு 5400 சுற்று சுற்றும் லேப்டாப் டிஸ்க்தான். ஆகவே உள்ளே இருந்தாலும் வெளியே இருந்தாலும் லோடிங் நேரத்தில் எனக்குப் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. ரெட் டெட் ரிடெம்ப்ஷனில் குதிரையில் ஊர் விட்டு ஊர் போகும்போது மரமும் வீடும் தாமதமாக வந்து முளைப்பது போன்ற எதுவும் புதிதாகத் தொடங்கவில்லை. ஒரே ஒரு மாற்றம்தான். டிஸ்க் தூங்கிக்கொண்டிருக்கும்போது அதிலுள்ள கேமைத் தொட்டால், அது எழுந்து சுழலத் தொடங்குவதற்குச் சில நொடி பிடிக்கும். அந்த மெல்லிய உறுமலைச் சோபாவிலிருந்து கேட்க முடியாது. லோடிங் குறைய வேண்டும் என்பதே நோக்கமென்றால் சுழலும் தட்டு இல்லாத, வேகமான யூஎஸ்பி எஸ்.எஸ்.டி. வாங்குங்கள், வித்தியாசம் நிச்சயம் தெரியும். ஆனால் அதே பணத்துக்குக் கிடைக்கும் இடம் மிகவும் குறைவு. எங்களுக்கு வேண்டியது இடம்தான்.

இதில் எனக்குப் பிடிக்காதது வயர். டிஸ்க் பக்கம் சொருகும் முனையைப் பாருங்கள்: தட்டையாக, அகலமாக, பெரிய துண்டும் சின்னத் துண்டும் ஒட்டியது போல நடுவில் ஒரு வெட்டோடு இருக்கும். மைக்ரோ-பி என்பார்கள். உள்ளே ஆழமாகப் போய் உட்காரும் ரகம் இல்லை. தூசி துடைக்கும்போது கை பட்டாலே ஆடும். ஆடினால் இணைப்பு விட்டுப்போகும், ஓடும் கேம் நின்றுவிடும், அடுத்த முறை டிஸ்க்கைச் சரிபார்க்கிறேன் என்று பிஎஸ்4 உட்கார்ந்துகொள்ளும். இதுவரை எந்தக் கேமும் கெட்டதில்லை. இருந்தாலும் சுழலும் தட்டுக்குச் சில நானோமீட்டர் மேலே மிதந்துகொண்டுதான் டிஸ்க்கைப் படிக்கும் ஹெட் என்ற முனை வேலை செய்கிறது, ஓடும்போது தட்டுவதும் நகர்த்துவதும் அதற்கு ஆகாது. நான் டிஸ்க்கைக் கன்சோல்மேல் வைக்காமல், பக்கத்தில் மெல்லிய ரப்பர் பாய் போட்டு அதில் கிடத்தி, வயரை ஒரு சுற்று தளர்வாக விட்டிருக்கிறேன். கன்சோலின் சூடும் படாது, வயரும் இழுபடாது. புதிதாக வாங்குபவர்கள் டிஸ்க் பக்கமும் டைப்-சி உள்ள மாடல் கிடைத்தால் அதையே எடுங்கள்.

ஸ்லிம்மில் இன்னொரு சங்கடம்: யூஎஸ்பி துளைகள் இரண்டு, இரண்டும் முன்பக்கம். ஒன்றை டிஸ்க் நிரந்தரமாகப் பிடித்துக்கொண்டால் கண்ட்ரோலர் சார்ஜ் போட ஒன்றுதான் மிச்சம். ஒரு துளையைப் பலவாக்கும் ஹப் போட்டு அதில் டிஸ்க்கைச் செருகலாமா என்றால், கன்சோல் ஏற்காது, நேரடியாகத்தான் செருக வேண்டும். எங்கள் இரண்டாவது கண்ட்ரோலர் இப்போது போன் சார்ஜரில்தான் சார்ஜ் ஆகிறது. பிஎஸ்4 ப்ரோ வைத்திருப்பவர்களுக்குப் பின்பக்கம் ஒரு துளை இருக்கிறது, டிஸ்க்குக்கு அதுதான் சரியான இடம்.

கழற்றும்போது சும்மா உருவக் கூடாது. கன்சோலை முழுதாக அணைத்துவிட்டுக் கழற்றலாம், அல்லது பிஎஸ் பட்டனை அழுத்திப் பிடித்தால் வரும் மெனுவில் எக்ஸ்டெண்டட் ஸ்டோரேஜ் பயன்பாட்டை நிறுத்தச் சொல்லிவிட்டுக் கழற்றலாம். ரெஸ்ட் மோடில் இருக்கும்போது கன்சோல் தூங்குவதுபோலத் தெரிந்தாலும் டிஸ்க் இணைப்பில்தான் இருக்கிறது. அப்போதும் உருவாதீர்கள். கம்ப்யூட்டரில் செருகிப் பார்க்க ஆசைப்பட்டால் இன்னும் கவனம். பிஎஸ்4 எழுதியதை விண்டோஸுக்குப் படிக்கத் தெரியாது. "இந்த டிஸ்க்கை ஃபார்மேட் செய்ய வேண்டும்" என்று கேட்கும். சரி என்று அழுத்தினால் எல்லாக் கேமும் அதோடு போச்சு.

டிஸ்க்குக்குப் போவது கேம், அதன் அப்டேட், டிஎல்சி என்னும் கூடுதல் பகுதிகள். கேமில் எதுவரை வந்தோம் என்பதைப் பதிந்து வைக்கும் சேவ் ஃபைல், ஸ்க்ரீன்ஷாட் எல்லாம் கன்சோலுக்குள்ளேயே இருக்கும், அவற்றை இதற்கு நகர்த்த முடியாது. முதலில் இது ஒரு குறையாகப் பட்டது. யோசித்தால் நல்லதுதான். நாளைக்கு டிஸ்க் செத்தாலும் நான் மாதக்கணக்கில் நகர்த்திய கதை அப்படியே பத்திரமாக இருக்கும், கேமை மட்டும் மறுபடி இறக்கினால் போதும். ஆனால் கன்சோலே செத்தால் என்ன செய்வது? அதற்கு ஒரு சாதாரண பென்டிரைவில் சேவ்களைத் தனியாக நகல் எடுத்து வையுங்கள். சோனியின் கட்டணச் சந்தாவான பிஎஸ் பிளஸ் இருந்தால் கிளவுடிலேயே ஏறிவிடும். இந்த ஒரு வேலையைத் தயவுசெய்து தள்ளிப் போடாதீர்கள். ப்ளூரேயில் வாங்கிய கேமுக்கு, அது எங்கே இன்ஸ்டால் ஆகியிருந்தாலும் விளையாடும்போது அந்த ப்ளூரே டிஸ்க் கன்சோலுக்குள் இருக்க வேண்டும் என்பதும் மாறவில்லை.

பிஎஸ்5-க்கு மாறும் எண்ணம் இருந்தாலும் இந்த டிஸ்க் வீணாகாது. அப்படியே கழற்றி அதில் மாட்டினால் பிஎஸ்4 கேம்கள் அதிலிருந்தே ஓடும். பிஎஸ்5 கேம்களை மட்டும் அதிலிருந்து ஓட்ட முடியாது. 2021 ஏப்ரல் அப்டேட்டுக்குப் பிறகு அவற்றை அதில் வைத்துக்கொண்டு, வேண்டியபோது உள்ளே நகல் எடுத்து விளையாடலாம். அங்கே உண்மையான இடம் வேண்டுமென்றால் கன்சோலுக்குள்ளேயே பொருத்தும் எம்.2 எஸ்.எஸ்.டி.தான். எக்ஸ்பாக்ஸ் சீரீஸ் எக்ஸ், எஸ் இரண்டிலும் ஏறக்குறைய இதே விதிதான்: பழைய தலைமுறைக் கேம்கள் டிஸ்க்கிலிருந்தே ஓடும், புதியவை அங்கே இருப்பில் மட்டும். நின்டெண்டோ ஸ்விட்ச் வைத்திருப்பவர்கள் இந்தப் பக்கமே வர வேண்டாம். அதற்கு மைக்ரோ எஸ்டி கார்டுதான், ஸ்விட்ச் 2 என்றால் மைக்ரோ எஸ்டி எக்ஸ்பிரஸ்.

அளவைப் பற்றிக் கடைசியாக ஒன்று. 2 டிபி டிஸ்க்கைக் கம்ப்யூட்டரில் போட்டால் 1.81 டிபி என்றுதான் காட்டும். யாரும் ஏமாற்றவில்லை. தயாரிப்பவர்கள் ஆயிரம் ஆயிரமாக எண்ணுகிறார்கள், விண்டோஸ் 1024 ஆக எண்ணுகிறது. அந்த அளவிலும் பெரிய கேம்களாகவே போட்டாலும் பதினைந்துக்கு மேல் தாராளமாக அடங்கும். இரண்டு பேர் விளையாடும் எங்கள் வீட்டுக்கே இது போதுமானதாக இருக்கிறது. ஒரே ஆளுக்கு 1 டிபி போதும், 4 டிபி அவசியமில்லை. பழைய லேப்டாப்பிலிருந்து கழற்றிய 2.5 அங்குல டிஸ்க் வீட்டில் சும்மா கிடந்தால், யூஎஸ்பி 3.0 கேஸ் ஒன்றை மட்டும் வாங்கி அதில் போட்டுப் பாருங்கள். 250 ஜிபிக்குக் குறையாமல் இருந்தால் பிஎஸ்4 அதையும் ஏற்றுக்கொள்ளும்.