தொண்ணூறு நிமிடமா, பத்து மணி நேரமா? சுவீடன் திரைக்கதை எழுத்தாளர் முன்னுள்ள வழிகள்

சுவீடனில் திரைக்கதை எழுதுகிறவர் சினிமா, தொலைக்காட்சி இரண்டுக்கும் எழுதுவது சாதாரணம். அதனால் திரை பெரியதா சிறியதா என்பதைவிட, கதை எத்தனை நிமிடத்தில் முடிய வேண்டும் என்பதுதான் வேலையின் தன்மையைத் தீர்மானிக்கிறது. புதிதாக வருபவருக்கு 90 நிமிடம்தான் நல்ல பள்ளிக்கூடம். பெயர் எல்லை தாண்டிப் போக வேண்டுமானால் தொடர்.

90 நிமிடத்துக்கு 'பெக்' என்ற துப்பறியும் பட வரிசையைப் பார்க்கலாம். மை ஷேவால், பேர் வாலோ இருவரும் 1965 முதல் 1975 வரை எழுதிய 10 நாவல்களின் பாத்திரங்கள் இவை. 1997இல் தொடங்கிய வரிசை பாத்திரங்களை மட்டும் எடுத்துக்கொண்டு கதைகளைப் புதிதாக உருவாக்கியது. ஆரம்பப் படங்களில் பெரும்பாலானவற்றை எழுதியவர் ரோல்ஃப் பொர்யிலிந்த். பிறகு சில்லா பொர்யிலிந்தும் சேர்ந்துகொண்டார். பக்கத்துக்கு ஒரு நிமிடம் என்ற பழைய கணக்குப்படி சுமார் 90 பக்கம். அதற்குள் கொலை, சந்தேக நபர்கள், தீர்வு எல்லாம் முடிய வேண்டும். துப்பறிவாளரின் சொந்த வாழ்க்கைக்குக் கிடைப்பது நாலைந்து காட்சிதான். அதைத் தாண்டினால் விசாரணை தொய்ந்துவிடும். ஆனால் ஒரு படம் சொதப்பினாலும் அடுத்ததைப் பாதிக்காது. பெக்கின் சக காவலர் குன்வால்ட் லார்சனாக நடித்த மிக்கேல் பெர்ஷ்பிராண்ட் விலகியபோது 2016இல் ஒரே படத்தில் அந்தப் பாத்திரத்தைக் கொன்று கதையை நகர்த்திவிட்டார்கள்.

தொடரில் இந்தச் சலுகை இல்லை. ஹான்ஸ் ரோசன்ஃபெல்ட் உருவாக்கிய 'ப்ரோன்' ('பாலம்') என்ற குற்றத் தொடர் 2011, 2013, 2015, 2018 என நான்கு பருவங்கள். முதல் மூன்றில் தலா 10 பகுதி, கடைசியில் 8. பகுதிக்கு ஏறக்குறைய ஒரு மணி நேரம் என்றால் பருவத்துக்கு 600 பக்கத்தைத் தொடும். தனியாள் எழுதி முடிக்கிற அளவா இது? கமிலா ஆல்கிரென் போன்ற சக எழுத்தாளர்கள் இல்லாமல் முடியாது. பணம் சுவீடன், டென்மார்க் இரு நாட்டு ஒளிபரப்பு நிறுவனங்களிலிருந்தும் வந்ததால் கதையும் இரு நாட்டுக்கும் சமமாகச் சொந்தமாக வேண்டியிருந்தது. இரு நாட்டையும் இணைக்கும் ஓரசுண்ட் பாலத்தின் நடுவில், சரியாக எல்லைக்கோட்டில், இரண்டு பெண்களின் பாதிப் பாதி உடல்களை ஒன்றாகச் சேர்த்துக் கிடத்தும் தொடக்கக் காட்சி அந்தக் கட்டாயத்துக்கு விடை. கெட்டிக்காரத்தனம் அங்கேதான். எந்த எல்லைக்கும் பொருந்தும் வித்து என்பதால் அமெரிக்கா–மெக்சிகோ, பிரிட்டன்–பிரான்ஸ் மறு ஆக்கங்கள் 2013இலேயே வந்துவிட்டன.

சிக்கல் நடிகரிடமிருந்து வந்தது. (தொடரைப் பார்க்காதவர்கள் அடுத்த பத்திக்குப் போய்விடலாம்.) இரண்டாம் பருவ முடிவில் சுவீடன் துப்பறிவாளர் சாகா தன் டென்மார்க் கூட்டாளி மார்ட்டினைக் கொலைக்காகக் காட்டிக்கொடுக்கிறாள். மார்ட்டினாக நடித்த கிம் பொட்னியா மூன்றாம் பருவத்துக்கு வரவில்லை. 20 மணி நேரம் கட்டிய உறவு போய்விட்டது. ஹென்ரிக் என்ற புதியவரைக் கொண்டு அந்த இடத்தை மீண்டும் நிரப்ப வேண்டியிருந்தது. 'பெக்' போல ஒரே படத்தில் தீர்கிற வேலை இல்லை இது.

மூன்றாவது வழி, ஒரே கதைக்கு இரண்டு நீளம். சுவீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் 1982 'ஃபானியும் அலெக்சாண்டரும்' தொலைக்காட்சியில் 312 நிமிடம், திரையரங்கில் 188. இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெட்டு. நீளமானதை முதலில் எழுதிப் பிறகு குறைத்தால்தான் இது நடக்கும். குறுகியதை எழுதி நீட்டினால் இட்டு நிரப்பியது பளிச்சென்று தெரியும். எழுத்தாளரே இயக்காதபோது எதை வெட்டுவது என்பது அவர் கையில் இருக்காது என்ற ஆபத்தும் உண்டு. பெர்க்மன் எழுத, பில்லே ஆகஸ்ட் இயக்கிய 'நல்ல எண்ணங்கள்' 1991இல் தொலைக்காட்சித் தொடராக வந்தது. 1992இல் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப்பனையை வென்றதோ அதன் குறுகிய திரைப்பட வடிவம்.